மருமகனின் முடியும் பட்டாணியரின் துணையும்: ‘மார்த்தாண்ட வர்மா’ பேசாப் படத்தை நமது கரையிலிருந்து வாசித்தல்

புரட்சி, ஆட்சிப் போட்டி, அரண்மனைச் சதி ஆகியவற்றைப் பேசும் மௌனப் படங்கள் என்றதும் நமது சினிமா எழுத்தாளர்களின் பேனா உடனே ஐரோப்பாவுக்கு ஓடிவிடுகிறது. டந்தோனையும் ரொபெஸ்பியரையும் மோதவிட்ட ஜெர்மனியப் படம் ‘டந்தோன்’ (1921), ஆபெல் கான்ஸின் ‘நெப்போலியன்’ (1927), ஐசன்ஸ்டைனின் ‘ஒக்டோபர்’ (1928) என்று ஒரு பட்டியல் வரும். அவை பேசப்பட வேண்டிய படங்கள்தான். ஆனால் மன்னார் வளைகுடாவைத் தாண்டினால் எட்டிவிடக்கூடிய நாகர்கோவிலில் இருந்து வந்த ஒரு பேசாப் படத்தைப் பற்றித் தமிழில் நாம் அதிகம் பேசியதில்லை. ‘மார்த்தாண்ட வர்மா’ என்பது அதன் பெயர். அதை மலையாள சினிமாவின் கணக்கில் எழுதிவிட்டு நாம் ஒதுங்கிக்கொண்டோம். திருக்கோவில், அக்கரைப்பற்று, கல்முனை என்று நீளும் இந்தக் கரையில் நின்று பார்த்தால், அது நமது கணக்கிலும் வரவேண்டிய படம் என்பது விளங்கும்.

முதலில் படத்தின் வரலாறு. சி.வி. இராமன் பிள்ளை 1891 இல் வெளியிட்ட ‘மார்த்தாண்ட வர்மா’ மலையாளத்தின் முதல் வரலாற்று நாவலாகக் கொள்ளப்படுவது. நாகர்கோவிலைச் சேர்ந்த ஆர். சுந்தர்ராஜ், ஸ்ரீ ராஜேஸ்வரி பிலிம்ஸ் என்ற பெயரில் அதைப் படமாக்கினார். இயக்கியவர் பி.வி. ராவ். மார்த்தாண்ட வர்மனாக ஜெய்தேவும் அனந்தபத்மநாபனாக ஏ.வி.பி. மேனனும் நடித்தார்கள். 1933 இல் திருவனந்தபுரம் கெப்பிட்டல் திரையரங்கில் படம் வெளியாயிற்று. தமிழில் ‘காளிதாஸ்’ 1931 ஒக்டோபரிலேயே பேசத் தொடங்கிவிட்டது; ஆகவே இது வந்தபோதே காலம் பிந்தி வந்த படம். போதாதற்கு, நாவலின் உரிமையை வைத்திருந்த கமலாலயா புத்தக நிலையம் வழக்குத் தொடுத்தது. சில நாட்களிலேயே படம் திரையிலிருந்து இறங்கியது. சுந்தர்ராஜுக்குப் பெரும் நட்டம். ஒரு நாவலின் பதிப்புரிமைக்காக வழக்கில் சிக்கிய முதல் இந்தியப் படம் என்று இதைச் சொல்வார்கள்.

இங்கே ஒரு விசித்திரம் நடந்தது. இந்தியாவில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பேசாப் படங்கள் எடுக்கப்பட்டன. அவற்றில் மிகச் சிலவே மிஞ்சியுள்ளன. நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ தொடங்கி சென்னையில் எடுக்கப்பட்டவை எல்லாம் அழிந்து போயின. ஓடித் தேய்ந்தவை போக, வெள்ளிக்காக உருக்கப்பட்டவை பல. ‘மார்த்தாண்ட வர்மா’ ஓடவும் இல்லை, உருக்கப்படவும் இல்லை. வழக்கில் அடைபட்டுக் கிடந்த அந்தப் பிரதி 1974 இல் புனேயிலுள்ள இந்திய தேசியத் திரைப்படக் காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. படத்தை முடக்கிய வழக்கே அதைக் காப்பாற்றியும் கொடுத்தது என்று சொல்லவேண்டியிருக்கிறது. தென்னிந்தியப் பேசாப் படங்களில் முழுமையாக எஞ்சியது இதுவே என்பது திரைப்பட வரலாற்றாளர்களின் கருத்து. இதற்கு முன் ‘விகதகுமாரன்’ படத்தை எடுத்து அழிந்துபோன ஜே.சி. டேனியல் இந்தச் சுந்தர்ராஜின் உறவினர். டேனியலின் படத்தில் நாயர் பெண்ணாக நடித்ததற்காக பி.கே. ரோசி என்ற தலித் பெண் ஊரைவிட்டே துரத்தப்பட்டாள். ரோசியின் முகத்தைக் காட்டும் அந்தப் படச்சுருள் இன்று இல்லை. இருப்பது அரசனின் பெயரைத் தாங்கிய சுருள்தான்.

கதை 1728 ஆம் ஆண்டளவில் நடப்பது. வேணாட்டின் மன்னர் இராம வர்மா நோயுற்றுக் கிடக்கிறார். மருமக்கள்தாய வழக்கப்படி அடுத்த அரசன் அவருடைய சகோதரியின் மகன் மார்த்தாண்ட வர்மன். மன்னரின் சொந்தப் புதல்வர்களான தம்பிமார் இதை ஏற்கவில்லை. தந்தையின் ஆட்சி மகனுக்கே என்பது அவர்கள் வாதம். எட்டுவீட்டுப் பிள்ளைமார் என்ற நிலப்பிரபுக்கள் தம்பிமாருக்குப் பின்னால் நிற்கிறார்கள். இளவரசன் மாறுவேடத்தில் காடும் வீடுமாக ஒளிந்து திரிகிறான். அவனுடைய விசுவாசியான அனந்தபத்மநாபன் பஞ்சவன்காட்டில் தாக்கப்பட்டுச் செத்தவனாக விடப்படுகிறான். பின்னர் ‘பிராந்தன் சாணான்’ என்ற பைத்தியக்கார வேடத்தில் வந்து இளவரசனைக் காக்கிறான். முடிவில் சதி முறிகிறது, மருமகன் முடி சூடுகிறான்.

டந்தோன் படத்திலும் ஐசன்ஸ்டைனின் படத்திலும் கேள்வி ஒன்றுதான்: ஆட்சி மன்னனிடமிருந்து யாருக்குப் போவது? நாகர்கோவில் படத்திலோ கேள்வி வேறு: இரத்தம் எந்த வழியாகப் போவது? தாய் வழியா, தந்தை வழியா? கேரளத்துக்கு வெளியே உள்ள பார்வையாளனுக்கு இது ஓர் அரச குடும்பத்தின் வினோதமான சட்டச் சிக்கலாகத் தெரியலாம். நமக்கு அப்படித் தெரிய வேண்டியதில்லை. மட்டக்களப்பு, அம்பாறைக் கரையில் தமிழரும் முஸ்லிம்களும் தாய்வழிக் ‘குடி’யை இன்றும் அறிவார்கள். வயிற்றுவார் என்ற சொல் நமது மூத்தவர்களின் வாயில் இருக்கிறது. திருக்கோவில் சித்திர வேலாயுத சுவாமி கோயிலில் உரிமைகள் குடிமுறையில் ஒழுங்குபட்டிருப்பதைப் போலவே, நமது பள்ளிவாசல்களில் குடிக்கொரு மரைக்கார் இருந்த வழக்கமும் உண்டு. பிரிட்டோ 1876 இல் ‘முக்குவச் சட்டம்’ என்று எழுதி வைத்தது இந்தத் தாய்வழி உரிமை முறையைத்தான். மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே அக்கரைப்பற்றில் பல்லாண்டு தங்கி ஆய்ந்து 2008 இல் நூலாக்கியதும் இதையே சுற்றி வருகிறது. வீடும் வளவும் பெண்பிள்ளைக்குப் போய், மாப்பிள்ளை பெண்வீட்டுக்கு வருகிற ஊரில், ‘மருமகன் பெரிதா மகன் பெரிதா’ என்ற சண்டையை யாரும் அகராதி பார்த்து விளங்க வேண்டியதில்லை.

ஆனால் ஒரு வேறுபாட்டை மறக்கக்கூடாது. தாய்வழி என்பதைப் பெண்ணாட்சி என்று நினைத்துவிடும் பழக்கம் நம்மிடம் இருக்கிறது. மார்த்தாண்ட வர்மன் கதை அந்த மயக்கத்தைத் தெளிவிக்கிறது. தாய்வழி முறையில் ஆட்சி பெண் வழியாகப் போகிறது, பெண்ணிடம் போவதில்லை. ஒரு ஆணிடமிருந்து இன்னொரு ஆணிடம் போவதற்கு அவள் பாலம். இதை நாவலிலும் படத்திலும் கொடூரமாகக் காட்டும் பாத்திரம் சுபத்திரை. கதையில் அறிவாலும் துணிவாலும் எல்லோரையும் விஞ்சி நிற்பவள் அவள். இளவரசனுக்கு எதிரான சதியை அறிந்து முறியடிப்பவளும் அவளே. அவளை வாளுக்கு இரையாக்குபவன் வேறு யாருமல்ல, அவளுடைய மாமன் குடமண் பிள்ளை. மருமகனுக்கு முடி கொடுக்கிற முறையில், மருமகளுக்குக் கிடைப்பது மாமனின் வாள். முடிசூட்டு விழாவில் முடிகிற கதையில் இந்தக் கொலை ஒரு சோகமான இடைச்சம்பவமாகக் கடந்து போகிறது. என் வாசிப்பில் கதையின் மையம் அதுதான். அரசன் யார் என்ற கேள்விக்கு விடை கிடைத்த பிறகும் விடை கிடைக்காமல் நிற்பது சுபத்திரையின் கேள்வி.

இனி நமக்கு மிக நெருக்கமான இடத்துக்கு வருவோம். பஞ்சவன்காட்டில் குற்றுயிராகக் கிடந்த அனந்தபத்மநாபனைத் தூக்கிச் சென்று உயிர் கொடுப்பவர்கள் பட்டாணிய வணிகர்கள். அவர்களுடைய தலைவர் ஹக்கீம். அவர்களிடையே வாழும் சுலைகா அவனைப் பராமரிக்கிறாள், அவன்மீது காதல் கொள்கிறாள். சுபத்திரையைச் சந்தேகித்துப் பிரிந்துபோன அவளுடைய கணவனும் இதே கூட்டத்தில் சேர்ந்து, இஸ்லாத்தைத் தழுவி, பீராம்கான் என்ற பெயரில் வாழ்கிறான். நோய்க்கு மருந்து தேடி வருகிறவர்களுக்கும் இந்தப் பாளையமே மருந்து தருகிறது. இறுதி நெருக்கடியில் பட்டாணியர் இளவரசன் பக்கம் நிற்கிறார்கள். நாவல் எழுதப்பட்ட காலத்தை எண்ணிப் பார்த்தால் இது சாதாரண விடயமல்ல. 1891 இல் எழுதிய ஒரு நாயர் எழுத்தாளர், முஸ்லிம்களைக் கொள்ளைக்காரராகவோ படையெடுப்பாளராகவோ காட்டாமல், மருத்துவராகவும் நண்பராகவும் காட்டினார். அதற்காக அவருக்கு நன்றி சொல்லலாம்.

நன்றி சொன்ன பிறகு ஒரு கேள்வியும் கேட்கலாம். சுலைகாவுக்கு என்ன ஆகிறது? அனந்தபத்மநாபன் தனது பாறுக்குட்டியை அடைகிறான். சுலைகா கதைக்கு வெளியே போகிறாள். சி.வி. இராமன் பிள்ளை மீது வோல்ட்டர் ஸ்கொட்டின் செல்வாக்கு, குறிப்பாக ‘ஐவன்ஹோ’வின் செல்வாக்கு உண்டு என்பதை மலையாள விமர்சகர்கள் நீண்ட காலமாகச் சொல்லி வருகிறார்கள். அந்த நாவலில் காயம்பட்ட வீரனுக்கு வைத்தியம் செய்து அவனை விரும்புகிறவள் ரெபெக்கா என்ற யூதப் பெண். முடிவில் வீரன் தன் இனத்துப் பெண்ணை மணக்கிறான், ரெபெக்கா நாட்டை விட்டே போகிறாள். இங்கிலாந்தின் யூதப் பெண் திருவிதாங்கூருக்கு வரும்போது சுலைகா ஆகிறாள். பிற மதத்துப் பெண் வைத்தியம் செய்யலாம், கண்ணீர் விடலாம், தியாகம் செய்யலாம். முடிவில் அவள் வாசலைத் தாண்டிப் போய்விடவேண்டும் என்ற விதி கடல் கடந்தும் மாறவில்லை. அந்தப் பெயரையும் கவனிக்க வேண்டும். யூசுப் நபியின் வரலாற்றில் வரும் அப்பெண்ணின் பெயர் குர்ஆனில் இல்லை. மரபில் வந்த பெயர் அது. பாரசீக சூஃபிக் கவிஞர்கள் அவளை இறைக்காதலின் குறியீடாகவே உயர்த்தினார்கள். அங்கே சுலைகாவின் காதல் நிறைவேறுகிறது. திருவிதாங்கூரில் அவளுக்குக் கிடைத்தது பெயர் மட்டும்.

இதைப் படிக்கிற நமது வாசகருக்கு இந்நேரம் வேறொரு கதை நினைவில் வந்திருக்கும். ‘மட்டக்களப்பு மான்மியம்’ முதலானவற்றிலும் நமது வாய்மொழி மரபிலும் முக்குவர் திமிலர் சண்டை சொல்லப்படுகிறது. அந்தச் சண்டையில் முக்குவருக்குத் துணை நின்று திமிலரை விரட்டியவர்கள் பட்டாணியர். அதற்குப் பரிசாக அவர்களுக்கு முக்குவப் பெண்கள் மணமுடித்துக் கொடுக்கப்பட்டார்கள், அவர்கள் ஏறாவூரில் குடியமர்ந்தார்கள் என்பது கதை. அதே பட்டாணியர், அதே ஆட்சிப் போட்டி, அதே துணை. ஆனால் முடிவு நேர்மாறானது. திருவிதாங்கூர்க் கதையில் உதவியவன் ஒதுக்கப்படுகிறான். நமது கதையில் உதவியவன் உறவினனாகிறான். குடியும் வயிற்றுவாரும் நமக்கு வந்த வழியை இந்தக் கதை மூலமே நம் மூத்தோர் விளக்கிக்கொண்டார்கள். இது வரலாறா கற்பனையா என்பது இங்கு முக்கியமில்லை. இரண்டு சமூகங்கள் தாங்கள் எப்படிச் சேர்ந்து வாழ்கிறோம் என்று தங்களுக்கே சொல்லிக்கொண்ட கதை இது. ஒன்றில் நாம் விருந்தாளி, மற்றதில் நாம் மாப்பிள்ளை.

அந்த ஏறாவூரில்தான் 1990 ஓகஸ்டில் நூற்றுக்கும் மேற்பட்ட முஸ்லிம்கள் இரவோடிரவாகக் கொல்லப்பட்டார்கள். அதே மாதத்தில் சம்மாந்துறையை அடுத்த வீரமுனையில் தஞ்சம் புகுந்திருந்த தமிழர்களும் கொல்லப்பட்டார்கள். திருக்கோவிலுக்கும் அக்கரைப்பற்றுக்கும் இடையே போய்வந்த மனிதர்கள் ஒருவரையொருவர் சந்தேகத்தோடு பார்த்த ஆண்டுகள் அவை. இதை இங்கே சொல்வது புண்ணைக் கிளறுவதற்காக அல்ல. மாப்பிள்ளை என்று தொடங்கிய ஒரு கதை எவ்வளவு எளிதில் விருந்தாளி என்று மாறுகிறது, விருந்தாளி எவ்வளவு எளிதில் அந்நியன் ஆகிறான் என்பதற்கு நாமே சாட்சிகள். ஆகவேதான் சுலைகாவின் வெளியேற்றத்தை ஒரு காதல் தோல்வியாக மட்டும் நாம் பார்த்துவிட முடியாது. ஒரு சமூகம் இன்னொரு சமூகத்தின் உதவியைப் பெற்றுக்கொண்டு, கதையை முடிக்கும்போது அதன் பெயரை எப்படி அழிக்கிறது என்பதற்கான பாடம் அது.

பேசாப் படம் என்ற வடிவமும் இங்கே தன் பங்குக்கு ஒன்றைச் செய்கிறது. சி.வி.யின் நாவலுக்கு உயிர் அதன் பேச்சுமொழிகள். நாயர் பிரபுவுக்கு ஒரு மொழி, தென் திருவிதாங்கூர்ச் சாணாருக்குத் தமிழ் கலந்த ஒரு மொழி, பட்டாணியருக்கு இந்துஸ்தானி கலந்த மொழி என்று அவர் ஒவ்வொருவரையும் அவரவர் நாக்கோடு விட்டார். படம் மௌனமானபோது அத்தனை நாக்குகளும் ஒருசேர அறுந்தன. எஞ்சியவை ஆங்கிலத்திலும் மலையாளத்திலும் எழுதப்பட்ட எழுத்தட்டைகள். நாகர்கோவில் தமிழ் பேசும் ஊர். 1956 நவம்பரில் சென்னை மாநிலத்தோடு இணைந்த மாவட்டத்தின் தலைநகர். அந்த ஊர்க்காரர் ஒருவர் எடுத்த படத்தில் அந்த ஊரின் மொழிக்கு ஓர் அட்டைகூடக் கிடைக்கவில்லை. பைத்தியக்காரச் சாணானின் வேடம் நாவலில் பேச்சால் நிலைப்பது. படத்திலோ நடிகனின் உடலும் உடையும் மட்டுமே அதைத் தாங்கவேண்டும். மௌனப் படத்தில் எல்லோரும் சமமாக ஊமைகள் என்று தோன்றும். அது உண்மையல்ல. எழுத்தட்டை யாருடைய மொழியில் கிடைக்கிறது என்பதில் அதிகாரம் இருக்கிறது.

சாணான் வேடத்தைப் பற்றி இன்னும் ஒன்று. டேனியல் நாடார் சமூகத்தவர். சுந்தர்ராஜ் அவருடைய உறவினர். மார்பை மறைத்துச் சேலை அணியும் உரிமைக்காக அந்தச் சமூகத்துப் பெண்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் முதற்பாதி முழுவதும் அடிபட்டார்கள். 1859 இல்தான் அரச பிரகடனம் வந்தது. அந்த அவமதிப்பின் நினைவு ஆறாத மண்ணில், உயர்குடி வீரன் ஒருவன் தப்பிப் பிழைக்கச் சாணானாக வேடமிடும் கதையை அந்தச் சமூகத்தவர் ஒருவரே தன் சொத்தைப் போட்டுப் படமாக்கினார். உயர்குடியான் கீழிறங்குவது வேடம், எந்நேரமும் கழற்றலாம். ரோசி மேலேறி நாயர்ப் பெண்ணாக நடித்தபோது அதை யாரும் வேடமாக ஏற்றுக்கொள்ளவில்லை, ஊரைவிட்டுத் துரத்தினார்கள். உறவினர் இருவரின் இந்த இரண்டு படங்களையும் சேர்த்துப் பார்த்தால்தான் திருவிதாங்கூர்ச் சாதியின் முழு இலக்கணமும் நமக்குக் கிடைக்கிறது.

தோற்றவர்கள் என்ன ஆனார்கள்? 1729 இல் முடிசூடி 1758 வரை ஆண்ட மார்த்தாண்ட வர்மன் எட்டுவீட்டாரை வேரறுத்தான். 1741 இல் குளச்சலில், இலங்கையிலிருந்து வந்திறங்கிய ஒல்லாந்தப் படையையும் முறியடித்தான். எட்டுவீட்டுப் பெண்களும் பிள்ளைகளும் கடற்கரை மீனவரான முக்குவரிடம் ஒப்படைக்கப்பட்டார்கள் என்கிறது மரபுச் செய்தி. அங்கே தண்டனையாக ஒருவரைத் தள்ளிவிடுகிற சாதியின் பெயர், நமது கரையில் ஆட்சிக்குடியின் பெயர். படம் முடிசூட்டோடு நின்றுவிடுவதால் இந்தப் பெண்களின் கதை அதன் சட்டகத்துக்குள் வரவில்லை. தம்பிமாரும் முற்றாக மறைந்துவிடவில்லை. தென் திருவிதாங்கூரின் தமிழ் வில்லுப்பாட்டில் ‘வலியதம்பி குஞ்சுத்தம்பி கதை’ இருக்கிறது. அங்கே வீரர்கள் தம்பிமார். வஞ்சகன் மார்த்தாண்ட வர்மன். நாகர்கோவிலின் கோயில் கொடைகளில் மக்கள் கேட்டது தோற்றவரின் கதையை. நாகர்கோவில்காரர் படமாக்கியது வென்றவரின் கதையை. படத்தின் பெரிய பலவீனம் இதுவே. தனது காலடியில் இருந்த எதிர்க்கதையை அது கேட்கவே இல்லை. ஒரே ஒரு காட்சியிலாவது தம்பிமாரின் நியாயத்தை அது எடுத்துச் சொல்லியிருந்தால், இளவரசனின் வெற்றிக்கும் ஒரு கனம் சேர்ந்திருக்கும்.

இது சுந்தர்ராஜின் தனிக்குறை என்று சொல்லமுடியாது. ஐசன்ஸ்டைன் ‘ஒக்டோபர்’ படத்தை எடுத்து முடிக்கும் வேளையில் ட்ரொட்ஸ்கி கட்சியில் தோற்றுப்போனார். படத்திலிருந்தும் அவர் வெட்டப்பட்டார். புரட்சியின் பத்தாண்டு நிறைவுக்காக எடுத்த படத்தில் புரட்சியை நடத்தியவர்களில் ஒருவருக்கு இடமில்லாமல் போயிற்று. அங்கே வெட்டியது அரசின் கத்திரி. நாகர்கோவிலில் கத்திரிக்கு வேலையே இருக்கவில்லை. நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே நாவல் அந்த வேலையைச் செய்து முடித்திருந்தது. இந்த நாவல் வந்த அதே 1891 இல்தான், பரதேசித் தமிழ்ப் பிராமணர்களின் கையில் அரசாங்க உத்தியோகங்கள் குவிந்திருப்பதை எதிர்த்து ‘மலையாளி மெமோரியல்’ என்ற மனு மன்னருக்குப் போனது. அந்த முயற்சியில் சி.வி.க்கும் பங்கிருந்தது. தம்பிமாரின் கூடாரத்தில் சதி செய்கிற சுந்தரய்யன் ஒரு தமிழ்ப் பிராமணன் என்பதை இதோடு வைத்துப் பார்க்க வேண்டும். பதினெட்டாம் நூற்றாண்டைப் பற்றி எழுதியவர் தனது காலத்தின் கணக்கைத் தீர்த்துக்கொண்டார். வரலாற்றுக் கதைகள் எப்போதும் செய்கிற காரியம்தான் இது. கல்கி எழுதியபோதும் அதுதான் நடந்தது. ‘பொன்னியின் செல்வன்’ 2022 இலும் 2023 இலும் திரைக்கு வந்தபோதும் அதுதான் நடந்தது.

இத்தனை குறைகளோடும் இந்தப் படம் நமக்கு மிகவும் வேண்டியது. குறைகளைக் காட்டுவதற்குக்கூட ஒரு படச்சுருள் கையில் இருக்கவேண்டும். 1981 இல் யாழ்ப்பாண நூலகத்தின் நெருப்பையும், 2004 மார்கழியில் மருதமுனை, சாய்ந்தமருது, திருக்கோவில் வரை வீடுகளையும் ஏடுகளையும் அள்ளிக்கொண்டுபோன கடலையும் கண்டவர்களுக்கு இதைப் பெரிதாக விளக்கத் தேவையில்லை. பட்டாணியர் ஏறாவூருக்கு வந்த கதையை, குடி வகுத்த கதையை, மரைக்கார்மாரின் நினைவுகளை ஒலியாகவோ ஒளியாகவோ பதிந்து வைத்தவர்கள் நம்மில் எத்தனை பேர்? வயிற்றுவார் சொல்லித்தரக்கூடிய மூத்தம்மாக்கள் இன்னும் இருக்கிறார்கள். நாளைக்கு இந்தக் கரையைப் பற்றி யாராவது ஒரு வரலாற்றுப் படம் எடுப்பார்கள். அதில் பட்டாணியன் விருந்தாளியாக வருவானா மாப்பிள்ளையாக வருவானா என்பது, இன்று அந்த மூத்தம்மாக்களிடம் நாம் போய் உட்காருகிறோமா இல்லையா என்பதைப் பொறுத்தது.